ஆசிரியர் நியமனமும் நீதிமன்றமும்: புதுவை வழக்கு ஒன்று உணர்த்தும் பாடம்

முன்னுரை

புதுவை மண்ணில் தமிழாசிரியர் ஒருவர் தம் வேலையைக் காத்துக்கொள்ள வழக்காடிய செய்தி புதியதன்று. 1909-ஆம் ஆண்டில் காரைக்காலை அடுத்த நிரவி அரசுப் பள்ளியில் கனகசுப்புரத்தினம் என்னும் இளைஞர் தமிழாசிரியராகப் பணியேற்றார். அப்போது அவருக்கு அகவை பதினெட்டு. பின்னாளில் பாரதிதாசன் எனத் தமிழுலகம் போற்றிய அப்பெருமகனார் பிரெஞ்சு அரசின் ஐயத்திற்கு ஆளாகிச் சிறை சென்றார். குற்றமற்றவர் என வெளிவந்த பின்னர், வேலை நீக்கத்தை எதிர்த்து வழக்காடி மீண்டும் பணியிற் சேர்ந்தார் என அவர்தம் வரலாற்றை எழுதியோர் குறிப்பிடுகின்றனர். 1946-இல் ஓய்வு பெறும்வரை 37 ஆண்டுகள் அவர் ஆசிரியராகவே விளங்கினார். வழக்காடும் வழி அன்று அவருக்கு அடைபட்டிருக்குமாயின் புதுவைப் பள்ளிகள் ஒரு நல்லாசிரியரை இழந்திருக்கும்.

ஆசிரியரை நீக்குவதால் எழும் வழக்கு ஒருவகை. ஆசிரியரை அமர்த்துவதால் எழும் வழக்கு மற்றொரு வகை. இந்நாளில் இரண்டாம் வகையே பெருகியுள்ளது. ஆசிரியர் பயிற்சி முடித்துவிட்டு ஆண்டுக்கணக்கில் காத்திருக்கும் நம் மாணவர்கள் துறைக்கு வரும்போதெல்லாம் கேட்கும் வினா ஒன்றுண்டு. “பட்டியல் வந்துவிட்டது ஐயா, ஆனால் வழக்குப் போட்டிருக்கிறார்களாம், எப்போது முடியும்?” என்பதே அது. இவ்வினாவுக்கு நாள் குறித்து விடை சொல்ல நம்மால் இயலாது. ஆயினும் இத்தகைய வழக்குகள் ஏன் எழுகின்றன, நீதிமன்றங்கள் எதனை நோக்குகின்றன, அவற்றிலிருந்து நாம் கற்க வேண்டுவது யாது என்பனவற்றை விளக்க இயலும். புதுவையிலேயே தோன்றி உச்சநீதிமன்றம் வரை சென்ற ஒரு வழக்கை நடுவாக வைத்து அவற்றைக் காண்பதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

புதுவையின் தனிநிலை

வழக்கைப் புரிந்துகொள்ளப் புதுவையின் ஆட்சிநிலையை முதற்கண் அறிதல் வேண்டும். 1954 நவம்பர் 1-ஆம் நாள் பிரெஞ்சு ஆட்சியிடமிருந்து நிர்வாகம் இந்திய அரசின் கைக்கு மாறியது. 1962 ஆகஸ்டு 16-ஆம் நாள் சட்டப்படியான இணைப்பு நிறைவுற்றது. 1963-ஆம் ஆண்டின் ஒன்றியப் பகுதிகள் ஆட்சிச் சட்டத்தால் புதுவை, சட்டமன்றமும் அமைச்சரவையும் கொண்ட ஒன்றியப் பகுதியாயிற்று. புதுவை, காரைக்கால், மாகி, ஏனாம் என்னும் நான்கு பகுதிகளும் ஒன்றோடொன்று ஒட்டியவை அல்ல. மாகியைக் கேரளமும் ஏனாமை ஆந்திரமும் சூழ்ந்துள்ளன. புதுவை நகரைச் சுற்றியோ தமிழகத்தின் கடலூர், விழுப்புரம் பகுதிகள் ஊடும்பாவுமாய்ப் பின்னிக் கிடக்கின்றன. ஒரு தெருவைக் கடந்தால் மாநிலம் மாறிவிடும் இடங்களும் உள.

இந்நிலையால் ஆசிரியர் நியமனத்தில் மூன்று விளைவுகள் உண்டாகின்றன.

முதலாவது, புதுவை அரசுப் பள்ளி ஆசிரியர் பணியிடங்கள் மத்தியப் பொதுப்பணி என்னும் வகுப்பில் அடங்குகின்றன. தமிழ்நாட்டில் ஆசிரியர் தேர்வு வாரியம் செய்யும் பணியை இங்குக் கல்வித்துறையே செய்து வருகின்றது.

இரண்டாவது, பணி நியமன விதிகள் அரசியலமைப்புச் சட்டத்தின் 309-ஆம் பிரிவின் வழியே வகுக்கப்பெறுகின்றன. எந்தப் பணியிடத்திற்கு எந்தக் கல்வித் தகுதி, எந்த வயது வரம்பு, நேரடி நியமனம் எவ்வளவு, பதவி உயர்வு எவ்வளவு என்பனவெல்லாம் அவ்விதிகளில் அடங்கும்.

மூன்றாவது, அரசுப் பள்ளி ஆசிரியரின் பணி தொடர்பான வழக்கு நேரே உயர்நீதிமன்றம் செல்வதில்லை. 1985-ஆம் ஆண்டின் நிர்வாகத் தீர்ப்பாயங்கள் சட்டப்படி அது மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தின் சென்னைக் கிளைக்கே முதலிற் செல்லும். தீர்ப்பாயத்தின் முடிவை உயர்நீதிமன்றம் ஆராயலாம் என 1997-இல் உச்சநீதிமன்றத்தின் ஏழு நீதிபதிகள் கொண்ட அமர்வு தெளிவுறுத்தியது. அதன்பின் தீர்ப்பாயம், உயர்நீதிமன்றம், உச்சநீதிமன்றம் என வழக்கின் பாதை மூன்று படிகளாயிற்று. உதவிபெறும் தனியார் பள்ளி ஆசிரியரின் நிலை வேறு. அவர் உயர்நீதிமன்றத்தை நாடுதல் வேண்டும்.

1995-ஆம் ஆண்டு நியமனம்

1995-ஆம் ஆண்டில் புதுவைக் கல்வித்துறை அரசுப் பள்ளிகளுக்கு ஆசிரியர்களைத் தேர்ந்தெடுக்க முற்பட்டது. அவ்விடங்களில் ஒரு பங்கு அட்டவணை வகுப்பினருக்கு ஒதுக்கப்பட்டிருந்தது. தேர்வு முடிந்தபோது, அவ்வொதுக்கீட்டில் தேர்வானவருள் புதுவையைப் பூர்வீகமாகக் கொண்டோரும் இருந்தனர். பிற மாநிலங்களிலிருந்து குடிபெயர்ந்து வந்தோரும் இருந்தனர். “வெளியிலிருந்து வந்தோர் எங்களுக்குரிய இடத்தைப் பெறலாமா?” எனப் புதுவைப் பூர்வீகத்தார் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தில் வழக்குத் தொடுத்தனர்.

இவ்வினா எழுந்ததன் காரணத்தை விளக்குதல் ஈண்டு இன்றியமையாதது. அரசியலமைப்புச் சட்டத்தின் 341-ஆம் பிரிவு, எந்தெந்தச் சாதியார் அட்டவணை வகுப்பினர் என்பதைக் குடியரசுத் தலைவர் ஆணையாக அறிவிக்க வழிசெய்கின்றது. அவ்வறிவிப்பு நாடு முழுமைக்கும் ஒன்றாக அமைவதன்று. ஒவ்வொரு மாநிலத்திற்கும் ஒன்றியப் பகுதிக்கும் தனித்தனியே பட்டியல் உண்டு. புதுவைக்குரிய ஆணை 1964-இல் வெளிவந்தது. ஆகவே கடலூரிலிருந்து மணமாகிப் புதுவைக்கு வந்த பெண்ணொருத்தி, அங்கும் இங்கும் ஒரே சாதியாராகவே கருதப்படினும், சட்டத்தின் பார்வையில் எந்தப் பட்டியலைச் சேர்ந்தவள் என்னும் ஐயம் பிறக்கின்றது.

பூர்வீகத்தார் தம் வாதத்திற்கு இரு தீர்ப்புகளைத் துணைக்கொண்டனர். ஆந்திரத்தில் பழங்குடியினராகக் கொள்ளப்பட்ட பிரிவைச் சேர்ந்த ஒருவர், சிறுவயதிலேயே மகாராட்டிரத்திற்குக் குடிபெயர்ந்து, அங்கு மருத்துவக் கல்லூரியில் ஒதுக்கீட்டு இடம் கோரினார். 1990-இல் ஐந்து நீதிபதிகள் அதனை மறுத்தனர். ஒரு சாதியார் ஒரு மாநிலத்தில் அடைந்த தாழ்வை அடிப்படையாகக் கொண்டே அம்மாநிலப் பட்டியலில் அவர்கள் சேர்க்கப்படுகின்றனர். மாநிலம் மாறினால் அவ்வுரிமை உடன்வாராது என்பதே அத்தீர்ப்பின் கருத்து. 1994-இல் மற்றுமொரு வழக்கிலும் உச்சநீதிமன்றம் இதனையே வலியுறுத்தியது. தீர்ப்பாயம் இவற்றை ஏற்றுப் புதுவைப் பூர்வீகத்தார்க்குச் சார்பாக முடிவு கூறியது.

உச்சநீதிமன்றத்தின் முடிவு

தேர்வாகியிருந்த குடிபெயர்ந்தோர் உச்சநீதிமன்றம் சென்றனர். 2005 பிப்ரவரியில் மூன்று நீதிபதிகள் கொண்ட அமர்வு தீர்ப்பு வழங்கியது. மத்திய அரசுப் பணிகளில் அட்டவணை வகுப்பினர்க்குரிய ஒதுக்கீடு நாட்டின் எப்பகுதியைச் சேர்ந்த அட்டவணை வகுப்பினருக்கும் உரியது. புதுவை ஒன்றியப் பகுதியாதலால், மத்தியப் பணிகளுக்குரிய ஒதுக்கீட்டு ஆணைகளையே புதுவை நிர்வாகம் நெடுங்காலமாகப் பின்பற்றி வந்துள்ளது. அக்கொள்கையைப் பின்பற்றிச் செய்த தேர்வில் சட்டப்பிழை இல்லை. இவ்வாறு கூறித் தீர்ப்பாயத்தின் முடிவை உச்சநீதிமன்றம் நீக்கியது.

முன்னைய தீர்ப்புகளை உச்சநீதிமன்றம் மறுக்கவில்லை என்பது கருதத்தக்கது. அவை மாநிலங்களைப் பற்றியன. இதுவோ ஒன்றியப் பகுதியைப் பற்றியது என வேறுபடுத்தியது. ஒரே வினாவுக்குக் கடலூரில் ஒரு விடையும் புதுவையில் வேறொரு விடையும் கிடைத்ததன் காரணம் புதுவையின் தனி ஆட்சிநிலையே ஆகும்.

வழக்கு முடிந்தும் ஐயம் முடியவில்லை. 2009-இல் தில்லி தொடர்பான ஒரு வழக்கில் இரு நீதிபதிகள் கொண்ட அமர்வு, 2005-ஆம் ஆண்டுத் தீர்ப்பு ஏற்கத்தக்கதன்று எனக் கூறியது. மூன்று நீதிபதிகள் கூறியதை இருவர் அவ்வாறு ஒதுக்கலாகாது என 2010-இல் மற்றோர் அமர்வு சுட்டி, பெரிய அமர்வுக்கு அனுப்பப் பரிந்துரைத்தது. இறுதியாக 2018 ஆகஸ்டு 30-ஆம் நாள் ஐந்து நீதிபதிகள் விடை பகர்ந்தனர். மாநிலங்களைப் பொறுத்தமட்டில் ஒதுக்கீட்டு உரிமை எல்லை தாண்டாது. தலைநகர் தில்லியின் பணிகளோ மத்தியப் பணிகளின் பாற்பட்டனவாதலால் அங்கு நாடளாவிய ஒதுக்கீடு அரசியலமைப்புக்கு இயைந்ததே என நால்வர் கூறினர். தில்லி பற்றிய பகுதியில் நீதியரசர் பானுமதி மாறுபட்டார்.

1995-இல் தொடங்கிய ஒரு தேர்வு, பத்தாண்டுகள் கழித்து 2005-இல் முடிவு கண்டது. அதன் சட்ட எதிரொலியோ 2018 வரை நீடித்தது. இதிற் கவலைக்குரியது ஒன்றுண்டு. வழக்கின் இருபுறத்தும் நின்றோர் யாவர்? இருதிறத்தாரும் தலைமுறை தலைமுறையாகக் கல்வி மறுக்கப்பட்ட மக்களின் பிள்ளைகளே. ஒருவர் பெற்றால் மற்றவர் இழக்க வேண்டிய நிலை. பூர்வீகத்தாரின் கோரிக்கையில் ஞாயம் இருந்தது. சிறிய நிலப்பரப்பில் உள்ள சில இடங்களும் வெளியார்க்குச் செல்கின்றனவே என்னும் ஆற்றாமை அது. குடிபெயர்ந்தோர் பக்கத்திலும் ஞாயம் இருந்தது. அரசு அழைத்த வழியே வந்து, அரசு கேட்ட சான்றுகளைக் காட்டித் தேர்வானோர் அவர்கள். இருவரும் விதியை மீறவில்லை. விதி எதைச் சொல்கின்றது என்பதிலேயே பூசல் எழுந்தது. நிர்வாகத்தின் நெடுநாள் நடைமுறையே தீர்ப்புக்கு முதன்மை ஆதாரமாயிற்று என்பதை நோக்க, எல்லார்க்கும் விளங்குமாறு எழுதப்பட்ட விதியின் அருமை நமக்குப் புலனாகின்றது.

வழக்குகள் எழும் வாயில்கள்

இவ்வழக்கில் கண்ட விதியின் ஐயப்பாடு ஒரு வாயில். ஆசிரியர் நியமன வழக்குகள் நுழையும் வேறு வாயில்களும் உள. அவற்றுள் முதன்மையான நான்கினை நோக்குவோம்.

ஒன்று, அழைப்புப் பரவலாகச் செல்லாமை. வேலைவாய்ப்பு அலுவலகம் அனுப்பும் பெயர்களுள் மட்டும் தேர்ந்தெடுப்பது முன்னாளில் வழக்கமாக இருந்தது. பதிவு செய்தும் பெயர் அனுப்பப்படாதோர் வாய்ப்பிழந்தனர். வேலைவாய்ப்பு அலுவலகத்தைக் கேட்பதுடன் செய்தித்தாள்களிலும் விளம்பரம் செய்து, விண்ணப்பிக்கும் தகுதியுடையோர் யாவரையும் கருதுதல் வேண்டும் என 1996-இல் உச்சநீதிமன்றம் கூறியது. அரசு வேலையில் அனைவர்க்கும் சமவாய்ப்பு என்னும் 16-ஆம் பிரிவின் பொருள் அறிவிப்புப் பலகையிலேயே தொடங்குகின்றது எனலாம்.

இரண்டு, தேர்வு தொடங்கியபின் விதியை மாற்றுதல். அண்டையிலுள்ள தமிழ்நாட்டிலிருந்து ஒரு சான்று காட்டலாம். 2013-இல் ஆசிரியர் தகுதித் தேர்வு நடந்து முடிந்தது. 60 விழுக்காடு பெற்றால் தேர்ச்சி என்பது விதி. 2014 பிப்ரவரியில் தமிழ்நாடு அரசு, ஒதுக்கீட்டுப் பிரிவினர் 55 விழுக்காடு பெற்றாலே போதும் என ஆணையிட்டது. முன்னரே தேர்ச்சி பெற்றோர் இதனை எதிர்த்தனர். சென்னை உயர்நீதிமன்றத்தின் சென்னை அமர்வு ஆணையை ஏற்றது. மதுரைக் கிளை தள்ளியது. 2016 நவம்பரில் உச்சநீதிமன்றம் அரசின் ஆணையை ஏற்று முடிவு செய்தது. அத்தகைய சலுகை வழங்க ஆசிரியர் கல்விக்கான தேசியக் குழுவின் நெறிமுறைகளே இடமளித்திருந்தன என்பது அம்முடிவுக்குத் துணையாயிற்று. 2024 நவம்பரில் ஐந்து நீதிபதிகள் அமர்வு இதன் பொது நெறியை வரையறுத்தது. விண்ணப்பம் கோரித் தேர்வு தொடங்கிவிட்டபின், விதியோ விளம்பரமோ முன்கூட்டி இடமளித்தாலன்றித் தகுதி நெறிகளை நடுவில் மாற்றலாகாது என்பதே அது.

மூன்று, கல்வித் தகுதி பற்றிய பூசல். 2010 ஆகஸ்டு 23-ஆம் நாள் அறிவிக்கையால் ஆசிரியர் தகுதித் தேர்வு கட்டாயமாயிற்று. 2023 ஆகஸ்டில் உச்சநீதிமன்றம், தொடக்கப் பள்ளி ஆசிரியர் பணிக்குக் கல்வியியல் இளநிலைப் பட்டம் தகுதியாகாது. தொடக்கக் கல்விக்கென உள்ள பட்டயப் பயிற்சியே உரியது எனத் தீர்ப்பளித்தது. சிறு குழந்தைக்குக் கற்பித்தல் தனிக்கலை என்பதே அதன் உட்கருத்து. 2025 செப்டம்பர் 1-ஆம் நாள் தீர்ப்பு இன்னும் கடுமையானது. முன்னரே பணியிலிருப்போரும், ஓய்வுக்கு ஐந்தாண்டுகளுக்கு மேல் இருப்பின், இரண்டாண்டுகளுக்குள் தகுதித் தேர்வில் தேறுதல் வேண்டும் என அது விதித்தது. ஐந்தாண்டுகளுக்குள் ஓய்வு பெறுவோர் பணியில் தொடரலாம். ஆயின் தேறாமல் பதவி உயர்வு பெறுதல் இயலாது.

நான்கு, தற்காலிக நியமனம். நிதி இல்லை, உடனடித் தேவை என்று கூறித் தொகுப்பூதியத்திலும் ஒப்பந்தத்திலும் ஆசிரியர்களை அமர்த்துவது நாடெங்கும் உள்ள வழக்கம். ஆண்டுகள் பல சென்றபின் அவர்கள் பணிநிரந்தரம் கோருகின்றனர். 2006 ஏப்ரல் 10-ஆம் நாள் கர்நாடக அரசின் வழக்கில் ஐந்து நீதிபதிகள் ஒரு திருப்பத்தை உண்டாக்கினர். சமவாய்ப்பு அளிக்காமல் அமர்த்தப்பட்டோர், நெடுநாள் உழைத்தார்கள் என்பதனாலேயே நிரந்தர உரிமை பெறார் என்றனர். முறையான தகுதியுடன் அனுமதிக்கப்பட்ட பணியிடத்தில் பத்தாண்டுகள் உழைத்தோர்க்கு மட்டும் ஒருமுறை விலக்களித்தனர். ஆயினும் அத்தீர்ப்பையே கேடயமாகக் கொண்டு, நிரந்தரமான வேலையை ஆண்டுக்கணக்கில் தற்காலிக ஊழியரிடம் வாங்கிவிட்டு அவர்களைக் கைவிடுதல் தகாது என 2024 டிசம்பரில் உச்சநீதிமன்றம் அரசுகளை எச்சரித்தது.

சிறுபான்மையோர் பள்ளிகளும் நியமன உரிமையும்

நம் சமுதாயப் பெரியோர் பலர் பள்ளிகளை நடத்துகின்றனர். ஆகவே 30-ஆம் பிரிவு பற்றியும் சிறிது கூறுதல் பொருந்தும். சமய, மொழிச் சிறுபான்மையோர் தம் விருப்பப்படி கல்வி நிறுவனங்களை அமைக்கவும் நடத்தவும் அப்பிரிவு உரிமை தருகின்றது. ஆசிரியரைத் தெரிந்தெடுத்தல் நடத்தும் உரிமையின் ஒரு கூறு என்பது 1958-இல் கேரளக் கல்வி மசோதா பற்றிய கருத்துரை தொட்டுப் பல வழக்குகளில் பேசப்பட்டு வந்துள்ளது. ஆயினும் அரசு உதவி பெறும்போது தகுதியையும் தரத்தையும் அரசு வரையறுக்கலாம் என்பதும் உடன் கூறப்பட்டே வந்துள்ளது.

இதில் அண்மைக் காலத் திருப்பம் மேற்கு வங்கத்தில் நேர்ந்தது. அம்மாநில அரசு 2008-இல் ஒரு சட்டம் இயற்றி, உதவிபெறும் மதரசாக்களுக்கு ஆசிரியர்களைத் தேர்ந்தெடுக்கத் தனி ஆணையம் அமைத்தது. கண்டாய் ரகுமானியா உயர்நிலை மதரசாவின் நிர்வாகக் குழு, இது தம் உரிமையைப் பறிக்கின்றது என வழக்குத் தொடுத்தது. கல்கத்தா உயர்நீதிமன்றம் சட்டத்தைச் செல்லாதென்றது. 2020 சனவரி 6-ஆம் நாள் உச்சநீதிமன்றம் அதனை மாற்றிச் சட்டம் செல்லும் என்றது. கணிதம், அறிவியல் போன்ற பொதுப்பாடங்களைக் கற்பிக்க மிகச் சிறந்தாரைத் தேர்ந்தளித்தல் நாட்டு நலனுக்கு உரியது. சமயமும் பண்பாடும் சார்ந்த பாடங்களில் நிறுவனத்தின் விருப்பத்திற்கு இடம் கூடுதல் என்னும் வேறுபாட்டை அத்தீர்ப்பு உணர்த்துகின்றது.

இதற்கு முன்னரே நினைவிற் கொள்ளத்தக்க வழக்கொன்று காசுமீரத்தில் நடந்தது. அங்கு ஆசிரியர்களைத் தலைமையாசிரியர்களாக உயர்த்துகையில், இன்ன சமயத்தார்க்கு இத்துணைப் பங்கு என இடங்கள் பிரிக்கப்பட்டிருந்தன. சமயத்தையும் பிறப்பிடத்தையும் மட்டும் கொண்டு இடம் பிரித்தல் கூடாது எனவும், பின்தங்கிய நிலை தக்க ஆய்வால் நிறுவப்படுதல் வேண்டும் எனவும் உச்சநீதிமன்றம் வரையறுத்தது. அப்போது பயன் பெற்றிருந்தோருள் பெரும்பாலோர் முசுலிம்கள். தீர்ப்பு நமக்குக் கசப்பாகத் தோன்றலாம். ஆயினும் அதன் நெறி நமக்கும் அரணாவதே. சமூகத்திலும் கல்வியிலும் பின்தங்கியமையை அடிப்படையாகக் கொண்டமைந்த பிற்படுத்தப்பட்ட முசுலிம்களுக்கான ஒதுக்கீடு இன்று தமிழ்நாட்டில் 3.5 விழுக்காடாகவும் புதுவையில் 2 விழுக்காடாகவும் நடைமுறையில் உள்ளது. சமயத்தின் பெயரால் மட்டும் கேட்கும் உரிமை நில்லாது. பின்தங்கிய நிலையைச் சான்றுடன் காட்டிப் பெறும் உரிமை நிற்கும். 

பிழை சிலருடையது, இழப்புப் பலருடையது

நியமன முறை முற்றிலும் கெட்டுப்போனால் விளைவு எத்தகையது என்பதற்கு அண்மைக்கால நிகழ்ச்சிகள் சான்றாகும்.

திரிபுரா மாநிலத்தில் எழுத்துத் தேர்வின்றி, தெளிவற்ற நேர்காணல் முறையால் 10,323 ஆசிரியர்கள் அமர்த்தப்பட்டனர். 2014-இல் உயர்நீதிமன்றம் அந்நியமனங்களை நீக்கியது. 2017 மார்ச்சில் உச்சநீதிமன்றம் அதனை உறுதி செய்தது. கால நீட்டிப்புகளுக்குப் பின் 2020 மார்ச்சுடன் அவர்கள் வேலை முடிந்தது. அரியானாவில் 1999-2000-இல் நடந்த தொடக்கப்பள்ளி ஆசிரியர் தேர்வில் 3,206 பேர் நியமனம் தொடர்பாகப் பட்டியல் மாற்றப்பட்டது எனக் குற்றவழக்கு எழுந்து, 2013 சனவரியில் முன்னாள் முதலமைச்சர் ஓம்பிரகாசு சௌதாலா பத்தாண்டுச் சிறைத் தண்டனை பெற்றார்.

மேற்கு வங்கத்தில் 2016-ஆம் ஆண்டுத் தேர்வின் வழியே பணியேற்ற 25,753 ஆசிரியர் மற்றும் அலுவலர் நியமனங்களை 2024 ஏப்ரலில் கல்கத்தா உயர்நீதிமன்றம் நீக்கியது. 2025 ஏப்ரல் 3-ஆம் நாள் உச்சநீதிமன்றம் அதனை ஏற்றது. விடைத்தாள்கள் அழிக்கப்பட்டும் மதிப்பெண்கள் திரிக்கப்பட்டும் போனமையால், தேர்வு முழுவதுமே சீர்செய்ய இயலாதவாறு களங்கப்பட்டுவிட்டது என அது கருதியது. ஒரு காசும் கொடாமல், இரவு பகல் படித்துத் தேர்வெழுதி வேலை பெற்றோரும் அப்பட்டியலில் இருந்தனர். அவர்களும் வேலையிழந்தனர். மாணவர் படிப்புக் கெடாதிருத்தற் பொருட்டு, குற்றங் காணப்படாத ஒன்பது முதல் பன்னிரண்டாம் வகுப்பு வரையிலான ஆசிரியர்கள் 2025 இறுதிவரை தொடரலாம் என்னும் இடைக்கால அனுமதி பின்னர் வழங்கப்பட்டது.

இவற்றையெல்லாம் நோக்குங்கால் ஓர் உண்மை புலப்படுகின்றது. நீதிமன்றம் ஆசிரியரின் நல்ல உள்ளத்தையோ, அவர்தம் குடும்பத்தின் வறுமையையோ, அவர் கற்பிக்கும் திறனையோ முதலில் எடைபோடுவதில்லை. அவர் வந்த வழி எல்லார்க்கும் திறந்திருந்த வழியா என்பதையே அது முதலில் கேட்கின்றது. வழி செவ்விதாயின் நியமனம் நிற்கும். வழி கோணிற்றாயின், அவ்வழியே அறியாது நடந்தவரும் உடன் வீழ்வர். இது கடுமையாகத் தோன்றலாம். எனினும் வெளியே நின்று வாய்ப்பிழந்த ஒருவரின் கண்கொண்டு பார்த்தால், அக்கடுமையின் ஞாயம் விளங்கும்.

மாணவர் அறிய வேண்டுவன

ஆசிரியப் பணியை நாடும் நம் மாணவர்கள் சிலவற்றை நெஞ்சில் இருத்துதல் நலம்.

அறிவிக்கையை முழுவதும் படித்தல் வேண்டும். நண்பர் கூறினார், பயிற்சி நிலையத்தார் கூறினர் என்பன நீதிமன்றத்தில் சான்றாகா. விண்ணப்பத்தின் கடைசி நாளில் தகுதி நிறைவுற்றிருத்தல் வேண்டும் என்பது பொதுநெறி. தேர்வு முடிவு பின்னர் வரும் என்னும் நம்பிக்கையில் விண்ணப்பித்தல் இடர் தரும். சாதிச் சான்றும் இருப்பிடச் சான்றும் எந்த அரசின் அலுவலர் அளித்தவை, எந்தப் பட்டியலைச் சார்ந்தவை என்பதை முன்பே தெளிந்துகொள்ளல் வேண்டும். புதுவை வழக்கு முழுவதும் இவ்வொரு வினாவைச் சுற்றியே நடந்தது.

தேர்வுப் பட்டியலில் பெயர் வந்துவிட்டால் வேலை உறுதி என்று எண்ணுதல் தவறு. பட்டியலில் இடம்பெறுதல் நியமனம் பெறும் தனியுரிமை ஆகாது என 1991-இல் உச்சநீதிமன்றம் கூறியுள்ளது. எனினும் அரசு தன் மனம்போனபடி பட்டியலைக் கைவிடவும் அத்தீர்ப்பு இடந்தரவில்லை. தக்க காரணம் இருத்தல் வேண்டும். தேர்வுமுறையில் குறை கண்டால் தேர்வுக்கு முன்பே முறையிடுதல் வேண்டும். நேர்காணல் வரை சென்று, தேர்வாகாத பின்னர் முறை தவறு என்று வழக்காடுவோரை நீதிமன்றங்கள் பெரும்பாலும் ஏற்பதில்லை.

காலக்கெடுவும் நினைவிற்குரியது. மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தை நாடுவோர், துறையின் இறுதி ஆணை வந்த நாளிலிருந்து ஓராண்டுக்குள் வழக்கிடுதல் வேண்டும். முறையீட்டுக்கு ஆறு மாதம் வரை விடை வாராதாயின், அதன்பின் ஓராண்டு கணக்கிடப்படும். துறையிடம் முறையிடாமலே நேரே தீர்ப்பாயம் செல்லுதல் பொதுவாக ஏற்கப்படுவதில்லை. ஆகவே அளித்த முறையீட்டின் படியையும் பெற்ற ஒப்புகையையும் பேணிக் காத்தல் வேண்டும்.

இவற்றினும் தலையாயது ஒன்றுண்டு. பணம் கொடுத்தும் பரிந்துரை பிடித்தும் வேலை பெறலாம் என எவரேனும் கூறின், அவ்வழியை நாடற்க. அவ்வழியே பெற்ற வேலை பத்தாண்டு கழித்தும் பறிபோகலாம். அது பறிபோகையில் நேர்மையாக வந்த தோழரையும் உடன் இழுத்துச் செல்லும்.

முடிவுரை

நியமன வழக்குகளைப் பற்றிப் பேசுகையில் தேர்வானோரையும் தேர்வாகாதோரையும் மட்டுமே நாம் எண்ணுகின்றோம். மூன்றாமவர் ஒருவர் உளர். வழக்கு நிலுவையில் இருக்கும் ஆண்டுகளில் ஆசிரியரில்லா வகுப்பில் அமர்ந்திருக்கும் மாணவரே அவர். அவர் எந்த வழக்கிலும் வாதியல்லர். எந்தத் தீர்ப்பிலும் அவர் பெயர் வருவதில்லை. ஆயினும் ஒவ்வொரு வாய்தாவிலும் அவருடைய ஒரு பருவம் கழிகின்றது. 1995-இல் புதுவையில் முதல் வகுப்பில் சேர்ந்த குழந்தை, உச்சநீதிமன்றம் தீர்ப்புரைத்த 2005-இல் பத்தாம் வகுப்பை எட்டியிருக்கும்.

ஆகவே நியமனத்திற்கு முன்பே விதி ஐயமற எழுதப்படுதல், அழைப்பு எல்லார்க்கும் எட்டுதல், மதிப்பெண்கள் வெளிப்படையாக்கப்படுதல், விடைத்தாள்கள் காக்கப்படுதல் ஆகிய நான்கும் நீதிமன்றத்திற்கு வெளியிலேயே நீதியை நிலைநாட்டும். அரசுக்கு இது கடன். தனியார் பள்ளிகளை நடத்தும் நம் பெரியோர்க்கும் இது கடன். சிறுபான்மை உரிமை நமக்கு உண்டு என்பதனால் முறையான விளம்பரமும் முறையான தேர்வும் வேண்டா என்று ஆகாது. நாம் அமர்த்தும் ஆசிரியர் எவரும் எந்நாளும் அஞ்சாமல் தம் பணி ஆணையை எடுத்துக் காட்டக்கூடியவராக இருத்தல் வேண்டும். அத்தகையவர் நிற்கும் வகுப்பில்தான் நம் பிள்ளைகள் நேர்மை இன்னதென்று பாடநூலின் துணையின்றியே கற்பர்.